நகரத்தின் வரலாற்றை ஆவணப்படமாக எடுக்க எந்த வழி? நான்கு வழிகள், ஓர் ஒப்பீடு

நகர வரலாற்றைப் படமாக்க வேண்டும் என்று கூடிப் பேசும் குழுக்களில் பெரும்பாலும் மூன்று பேர் இருப்பார்கள். ஒருவரிடம் ஒரு பெட்டி நிறையப் பழைய புகைப்படங்கள் இருக்கும். இன்னொருவருக்கு அந்த நகரத்தின் வயதானவர்கள் எல்லாரையும் பெயர் சொல்லித் தெரியும். மூன்றாமவர் புதிதாகக் கேமரா வாங்கியிருப்பார். மூன்று பேர் மனத்திலும் வேறு வேறு படம் ஓடிக்கொண்டிருக்கும். மூவரும் ஒரே தலைப்பைச் சொல்வதால் ஒரே படத்தைப் பற்றித்தான் பேசுகிறோம் என்று நினைத்துக்கொள்வார்கள். மாதங்கள் போகும், ஒரு காட்சிகூட எடுத்திருக்க மாட்டார்கள்.

என்னிடம் வரும் கேள்விகளில் பாதி இந்த இடத்தில் நிற்பவர்களிடமிருந்து வருபவைதான். பழைய படங்களைக் காட்டிப் பின்னணிக் குரலில் கதை சொல்வதா? பெரியவர்களைப் பேச வைப்பதா? இன்றைய தெருக்களை மட்டும் எடுத்துக் காட்டுவதா? நடிகர்களை வைத்துப் பழைய நிகழ்ச்சிகளை நடித்துக் காட்டுவதா? இந்த நான்கு வகைப் படங்களையும் எடிட்டிங் மேசையில் உட்கார்ந்து தொகுத்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: உங்களுக்கு எந்த வகை பிடிக்கும் என்ற பேச்சைக் கொஞ்சம் தள்ளி வையுங்கள். உங்கள் நகரத்தின் பழைய காலத்தில் என்ன மிச்சம் இருக்கிறது, அதில் எது முதலில் போய்விடும் என்று பாருங்கள். முடிவில் முக்கால் பங்கு அங்கேயே கிடைத்துவிடும்.

## எதை வைத்து அளப்பது

முதல் அளவுகோல், கையிருப்பு. ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து கணக்கெடுங்கள். எத்தனை புகைப்படங்கள், எத்தனை வரைபடங்கள், பழைய செய்தித்தாள்கள் எங்கே இருக்கின்றன, யார் வீட்டில் வீடியோ கேசட்டுகள் கிடக்கின்றன, பேசக்கூடியவர்கள் எத்தனை பேர், அவர்களுக்கு என்ன வயது. இந்தப் பட்டியல் இல்லாமல் திரைக்கதை எழுத உட்காருவது வீண் வேலை.

இரண்டாவது, எது முதலில் அழியும் என்பது. இதைத்தான் பெரும்பாலானவர்கள் யோசிப்பதே இல்லை. காகிதம் பொறுமைசாலி. ஈரமும் பூச்சியும் அண்டாமல் பார்த்துக்கொண்டால் நூறு ஆண்டுகள்கூட இருக்கும். அசிடேட் படச்சுருள் கெடத் தொடங்கினால் டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடிக்கும். அந்த வாடை வந்துவிட்டால் இனித் தாமதிக்கக் கூடாது. காந்த நாடாவின் நிலைமை இன்னும் மோசம். நாடா நன்றாக இருந்தாலும் அதை ஓட்டிப் பார்க்க வேலை செய்யும் பிளேயர் கிடைப்பது ஆண்டுக்கு ஆண்டு கடினமாகிறது. எல்லாவற்றுக்கும் முன்னால் போய்விடுபவர்கள் மனிதர்கள்.

கனடாவின் டாசன் நகரத்தில் 1978-இல் கட்டுமான வேலைக்காக மண்ணைத் தோண்டியபோது, 1929-இல் மூடப்பட்ட ஒரு நீச்சல்குளத்துக்குள்ளிருந்து 500-க்கும் மேற்பட்ட படச்சுருள்கள் வெளியே வந்தன. எளிதில் தீப்பிடிக்கும் நைட்ரேட் சுருள்கள் அவை. உறைந்த மண் அவற்றை அரை நூற்றாண்டு காப்பாற்றி வைத்திருந்தது. அந்தச் சுருள்களை அந்த ஊர்த் திரையில் பார்த்த தலைமுறையை எந்த மண்ணும் அப்படிக் காப்பாற்றித் தரவில்லை.

மூன்றாவது, எங்கே காட்டப்போகிறீர்கள். அரங்கத்தில் உட்கார்ந்து பார்ப்பவருக்கு ஒரு மணி நேரம் பொறுமை இருக்கும். அருங்காட்சியகத்தில் நின்றபடி பார்ப்பவர் சில நிமிடங்களில் அடுத்த அறைக்குப் போய்விடுவார். கைபேசியில் பார்ப்பவர் பல நேரம் ஒலியே வைத்திருக்க மாட்டார். நான்காவது, சொல்வது சரியா என்று எப்படிச் சரிபார்ப்பது. ஒவ்வொரு வழிக்கும் தவறு நுழையும் வாசல் வேறு. ஐந்தாவது, உரிமையும் ஒப்புதலும். ஆறாவது, எத்தனை மணி நேர உழைப்பு என்பது. பணக் கணக்கைவிட மணிக் கணக்குதான் இந்தப் படங்களைப் பாதியில் நிறுத்துகிறது. கேமரா வாடகையைக் கணக்கிடுகிறவர்கள் படப்பிடிப்புக்குப் பிறகு வரும் மாதங்களைக் கணக்கிடுவதில்லை.

## பழைய படங்களும் பின்னணிக் குரலும்

ஆவணப்படம் என்றதும் பலருக்கு நினைவுக்கு வருவது இதுதான். புகைப்படம், வரைபடம், பழைய படச்சுருள், அவற்றின் மேல் ஒரு குரல். அசையாத படங்களை வைத்தே நகரத்துக்கு உயிர் கொடுக்கலாம் என்பதற்கு மேலே சொன்ன அதே டாசன் சாட்சி. தங்க வேட்டைக் காலத்து டாசனைப் பற்றிக் கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் எடுத்த ‘சிட்டி ஆஃப் கோல்டு’ 1957-இல் கான் திரைப்பட விழாவில் குறும்படத்துக்கான பரிசு பெற்றது. புகைப்படத்தின் மேல் கேமரா மெல்ல நகர்ந்து ஒரு முகத்தில் போய் நிற்கும். இன்று எடிட்டிங் மென்பொருள்களில் ஒரு பொத்தானாகவே வந்துவிட்ட உத்தி அது.

இந்த வழியின் பெரிய பலம், உயிரோடு இருப்பவர்களின் நினைவுக்கு எட்டாத காலத்துக்கும் போகலாம் என்பது. நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்னால் ஒரு தெரு எப்படி இருந்தது என்று யாரும் நினைவிலிருந்து சொல்ல முடியாது. ஆண்டு, தேதி, பெயர் ஆகியவற்றைத் துல்லியமாகச் சொல்லவும், கடைசி நேரத்தில் ஒரு வாக்கியத்தைத் திருத்தி மறுபடி குரல் பதிவு செய்யவும் இதில்தான் முடியும்.

ஆனால் பழைய படம் பொய்யும் சொல்லும். 1838-இல் புகைப்படக் கலையின் முன்னோடிகளில் ஒருவரான டகேர் பாரிஸில் தன் சன்னலிலிருந்து ஒரு பெரிய சாலையைப் படம் எடுத்தார். வண்டியும் ஆட்களுமாக நெரிசலான சாலை அது. படத்தில் பார்த்தால் வெறிச்சோடிக் கிடக்கிறது. ஒளி பதிவாகச் சில நிமிடங்கள் பிடித்ததால் நகர்ந்தவர்கள் யாரும் பதியவில்லை. ஓரத்தில் நின்று காலணிக்கு மெருகு போடவைத்துக்கொண்டிருந்த ஒருவர் அதிகம் அசையாமல் இருந்ததால் பதிவானார். அந்தப் படத்தைத் திரையில் வைத்து ‘அன்று இந்தச் சாலை அமைதியாக இருந்தது’ என்று குரல் கொடுத்தால் எவ்வளவு பெரிய தவறு! உங்கள் பெட்டியிலும் இப்படிப்பட்ட படங்கள் இருக்கும்.

இன்னொரு சிக்கல், யாருடைய படங்கள் எடுக்கப்பட்டன என்பது. பாரிஸின் பழைய சந்துகளைச் சார்ல் மார்வில் 1860-களில் படம் எடுத்தார், கிளாஸ்கோவின் நெரிசலான குடியிருப்புகளைத் தாமஸ் அனன் 1868 முதல் 1871 வரை எடுத்தார். இரண்டுமே அந்தப் பகுதிகள் இடிக்கப்பட இருந்ததை ஒட்டி எடுக்கப்பட்டவை. வசதியான வீடுகளில் திருமணமும் பிறந்தநாளும் படமாகியிருக்கும். உழைக்கிறவர்களின் தெரு கேமராவைப் பார்த்தது, பல நகரங்களில், அது அழியப்போகும் நேரத்தில்தான். ஆவணக் காப்பகத்தை மட்டும் நம்பி எடுத்த படத்தில் மேயர்களும் திறப்பு விழாக்களும் வரிசையாக வரும், நகரத்தைக் கட்டியவர்கள் வர மாட்டார்கள்.

மறைந்திருக்கும் செலவுகளில் முதலாவது உரிமை. ஒரு புகைப்படம் உங்கள் கையில் இருப்பதால் அதன் பதிப்புரிமை உங்களுடையது ஆகிவிடாது. அது பெரும்பாலும் எடுத்தவருக்கோ அவர் வாரிசுக்கோ சேரும். பதிப்புரிமைக்கான பன்னாட்டு ஒப்பந்தமான பெர்ன் ஒப்பந்தம் புகைப்படத்துக்கு வைத்திருக்கும் குறைந்தபட்சக் காலம், எடுத்த நாளிலிருந்து 25 ஆண்டுகள். ஆனால் பல நாடுகளின் சட்டம் அதைவிட மிக நீண்ட காலம் தருகிறது. உங்கள் நாட்டுச் சட்டத்தைத் தெரிந்தவரிடம் கேட்காமல் இறங்காதீர்கள். காப்பகங்கள் அனுமதி தரும்போது எந்த ஊடகம், எத்தனை ஆண்டு, எந்தெந்த நாடுகள் என்று பிரித்துத்தான் தரும். திரைப்பட விழாவுக்கு மட்டும் அனுமதி வாங்கிவிட்டு, இரண்டு ஆண்டு கழித்து இணையத்தில் ஏற்ற முடியாமல் நிற்கும் படங்களைப் பார்த்திருக்கிறேன். பாதி நீளத்தை வெட்டினால்தான் வெளியிடலாம் என்ற நிலைமை. வெட்டிய பாதியில்தான் படமே இருந்தது.

இரண்டாவது, அடையாளம் காணும் உழைப்பு. ஸ்கேன் செய்யும்போது முன்பக்கத்தோடு பின்பக்கத்தையும் ஓரங்களையும் சேர்த்து ஸ்கேன் செய்யுங்கள். பென்சில் எழுத்து, ஸ்டுடியோ முத்திரை எல்லாம் அங்கேதான் இருக்கும். ஆனால் அதையும் அப்படியே நம்ப முடியாது. ஒரு முறை ‘பாலம் திறப்பு விழா’ என்று பின்னால் எழுதியிருந்த ஒரு படத்தைத் திரையில் பெரிதாக்கிப் பார்த்தேன். கூட்டமும் தோரணமும் சரியாகத்தான் இருந்தன. இடது மூலையில், கட்டை விரல் அளவு இடத்தில், பாலத்தின் கைப்பிடிச் சுவர் பாதி உயரத்தில் நின்றிருந்தது, பக்கத்தில் செங்கல் குவியல். திறப்பு விழாவுக்கு முன்னால் நடந்த வேறு ஏதோ விழா அது. அந்த ஒரு படத்துக்காகப் பின்னணிக் குரலில் நான்கு வாக்கியங்களை மாற்றினோம்.

பேசாப்பட காலத்துச் சுருள்கள் கிடைத்தால் வேகத்தைக் கவனியுங்கள். நொடிக்கு 16 முதல் 18 சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்ற அளவில் எடுத்தவை பல உண்டு. அதை 24-இல் ஓட்டினால் மனிதர்கள் பொம்மை மாதிரி துள்ளி ஓடுவார்கள், பார்ப்பவர்கள் சிரிப்பார்கள். அன்று அப்படி யாரும் நடக்கவில்லை. வேகத்தைத் திருத்துவது சிறிய வேலை, அந்த மனிதர்களுக்கு நாம் தரும் மரியாதையும்கூட. கறுப்பு வெள்ளைப் படத்துக்கு நிறம் ஏற்றுவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். சேலையோ சுவரோ என்ன நிறம் என்பது அங்கே ஊகம்தான், பார்ப்பவருக்கோ அது ஆதாரமாகப் பதிந்துவிடும்.

## நினைவைச் சொல்பவர்களை வைத்து

என் மனம் சாய்வது இந்தப் பக்கம். அதை மறைக்க விரும்பவில்லை. அதனால்தான் இதன் குறைகளையும் நீளமாகச் சொல்கிறேன்.

1935-இல் லண்டனின் நெரிசலான குடியிருப்புகளுக்குள் கனமான ஒலிக் கேமராவைத் தூக்கிக்கொண்டு போய், அங்கே வாழ்ந்தவர்களையே பேச வைத்து ஒரு படம் எடுத்தார்கள். ‘ஹவுசிங் பிராப்ளம்ஸ்’ என்று பெயர். எலியையும் ஈரச் சுவரையும் பற்றி நிபுணர் யாரும் பேசவில்லை, அந்த அறையில் தூங்கியவர்களே பேசினார்கள். ஏழைகள் தங்கள் வீட்டுக்குள் நின்று தங்கள் குரலில் பேசுவதைத் திரையில் பார்ப்பது அன்று புதுமை. படத்துக்குப் பணம் கொடுத்தது எரிவாயுத் தொழில்துறை. பழைய வீடுகள் போய்ப் புதிய அடுக்குமாடிகள் வந்தால் அவர்களுடைய அடுப்புகள் விற்கும். பேசியவர்களின் துயரம் உண்மை. அதற்கு மேடை கிடைத்ததன் பின்னால் ஒரு கணக்கும் இருந்தது. உங்கள் படத்துக்குப் பணம் தருகிறவர் யார், அவருக்கு எந்தக் கதை வசதி என்பதைத் தொடக்கத்திலேயே குழுவுக்குள் வெளிப்படையாகப் பேசிவிடுங்கள். கட்டுமானக்காரரின் பணத்தில் எடுத்த படத்தில் இடிக்கப்பட்ட குடியிருப்பு எப்படி வரும் என்று யோசித்துக்கொள்ளலாம்.

நினைவு தவறும். எல்லாருக்கும் தெரிந்த குறை இது. ஆனால் அது தவறும் விதமே வரலாறு ஆகலாம். இத்தாலியின் தெர்னி நகரத்தில் 1949 மார்ச்சில், நேட்டோவில் இத்தாலி சேருவதை எதிர்த்த ஆர்ப்பாட்டத்தில் லூயிஜி த்ரஸ்துல்லி என்ற இளம் எஃகு ஆலைத் தொழிலாளி போலீஸ் நடவடிக்கையில் இறந்தார். பல ஆண்டுகள் கழித்து அலெஸ்ஸாந்த்ரோ போர்டெல்லி என்ற வரலாற்றாசிரியர் அந்த நகர மக்களிடம் பேசியபோது, பலர் அந்த மரணத்தை 1953-க்குக் கொண்டுபோய் வைத்தார்கள். ஆலையில் பெரும் ஆட்குறைப்பு நடந்து தெருவில் மோதல் வெடித்த ஆண்டு அது. தேதி தவறு, சந்தேகமே இல்லை. ஆனால் அந்த நகரத்துக்கு எது பெரிய காயம், அந்த இளைஞனின் சாவுக்கு என்ன அர்த்தம் கொடுத்தால் அவர்களுக்கு மனம் ஆறும் என்பது அந்தத் தவறில்தான் தெரிகிறது. தவறான தேதியை வெட்டி எறிந்துவிட்டால் இது போய்விடும். அப்படியே விட்டால் பார்ப்பவர்கள் 1953 என்றே நம்பிவிடுவார்கள். பேச்சை அப்படியே விட்டு, திரையின் கீழே சரியான தேதியை எழுத்தில் போடுவதுதான் நான் கண்ட நேர்மையான வழி.

கேட்கும் முறையில்தான் எல்லாம் இருக்கிறது. ‘எந்த ஆண்டு’ என்று தொடங்கினால் தேர்வு எழுதுகிற மாதிரி ஆகிவிடும். ஒரு பாட்டியிடம் பெரு வெள்ளம் எப்போது வந்தது என்று கேட்டேன். நினைவில்லை என்று தலையைக் குனிந்துகொண்டார். சரி, தண்ணீர் எதுவரை வந்தது பாட்டி என்று கேட்டேன். எழுந்து மெதுவாகக் கதவருகே போனார். நிலைப்படியைத் தொடவில்லை, சுவரில் தன் தோளுக்குக் கொஞ்சம் கீழே உள்ளங்கையைப் பதித்தார். “இது வரைக்கும். என் தம்பிக்குத் தலைக்கு மேல” என்றார். கை அங்கேயே நின்றது. கேமராவை நான் நகர்த்தவில்லை. ஏறத்தாழ அரை நிமிடம் அந்தக் கை மட்டும்தான். வெள்ளத்தின் ஆண்டைப் பிறகு செய்தித்தாளில் தேடி எடுத்துக்கொண்டோம். அந்த உயரம் எந்தச் செய்தித்தாளிலும் இல்லை.

பழைய புகைப்படத்தை மடியில் வைத்துப் பேச வையுங்கள். நடக்க முடிந்தவரானால் அந்தத் தெருவிலேயே நடந்துகொண்டு பேச வையுங்கள். பதில் முடிந்ததும் உடனே அடுத்த கேள்வியைப் போடாதீர்கள், ஐந்து நொடி சும்மா இருங்கள். உண்மையான பதில் பல நேரம் அந்த ஐந்து நொடிக்குப் பிறகு வருகிறது. காலர் மைக் கட்டாயம். காட்சி சுமாராக இருந்தாலும் மக்கள் பொறுத்துக்கொள்வார்கள், பேச்சு காதில் விழாவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். ஃபிரிட்ஜின் உறுமல் உள்ளே வராமல் அதை அணைத்து வையுங்கள். மறுபடி போட மறந்துவிடாமலிருக்க வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிடுகிற ஒலிப்பதிவாளர்கள் உண்டு. சாவி இல்லாமல் யாரும் கிளம்ப முடியாதே! அப்புறம், கிளம்பும் முன் எல்லாரும் பேசாமல் இருந்து அறையின் வெறும் ஒலியை அரை நிமிடம் பதிவு செய்யுங்கள். தொகுக்கும்போது வெட்டுகளை மூட அது வேண்டும்.

மறைந்திருக்கும் செலவு இங்கே நேரம்தான். ஒரு மணி நேரப் பேச்சை எழுத்தாக்க நான்கு முதல் ஆறு மணி நேரம் ஆகும். இருபது பேரிடம் ஆளுக்கு இரண்டு மணி நேரம் பேசினால் 40 மணி நேரப் பதிவு, 160 முதல் 240 மணி நேர எழுத்து வேலை. தானியங்கி மென்பொருள் கொஞ்சம் குறைக்கும், ஆனால் வட்டார வழக்கும் பல் போன உச்சரிப்பும் வந்தால் ஒவ்வொரு வரியையும் கேட்டுத் திருத்த வேண்டும். நொடிக்கு 100 மெகாபிட் என்ற அளவில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிகாபைட், நாற்பது மணி நேரத்துக்கு 1,800. அதற்கு மூன்று பிரதி வேண்டும், அவற்றில் ஒன்று வேறு கட்டடத்தில் இருக்க வேண்டும்.

இன்னொரு செலவை எந்தப் பட்டியலிலும் எழுத முடியாது. முன்வந்து பேசுகிறவர்கள் பெரும்பாலும் ஏற்கெனவே பேசிப் பழகியவர்கள்: சங்கத் தலைவர், ஓய்வு பெற்ற ஆசிரியர், அதே மூன்று நான்கு ஆண்கள். அவர்களோடு நிறுத்திக்கொண்டால் காப்பகத்தின் அதே ஓட்டை இங்கேயும் வந்துவிடும். பெண்களையும், வெளியிலிருந்து வந்து குடியேறியவர்களையும், சுத்தம் செய்தவர்களையும் தேடிப் போக வேண்டும். முதல் சந்திப்பில் கேமராவே எடுக்காமல் பேசிவிட்டு வர வேண்டியிருக்கும், சிலரிடம் மூன்று முறை போக வேண்டியிருக்கும். ஒப்புதல் படிவத்தில் படத்துக்கு மட்டுமா, முழுப் பதிவையும் காப்பகத்தில் வைக்கலாமா, இணையத்தில் போடலாமா என்று தனித்தனியாகக் கேளுங்கள். அவர் மனம் மாறினால் என்ன செய்வீர்கள் என்பதையும் எழுதி வையுங்கள். உயிரோடு இருக்கும் இன்னொருவரைப் பற்றிக் குற்றச்சாட்டு வந்தால் அதைப் படத்தில் வைக்கும் முன் சட்டம் தெரிந்தவரிடம் காட்டுங்கள்.

## இன்றைய நகரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பது

குரல் இல்லை, பேட்டி இல்லை. தெரு விழிக்கிறது, கதவுகள் திறக்கின்றன, வேலை நடக்கிறது, விளக்கு எரிகிறது. ‘இதில் வரலாறு எங்கே?’ என்று கேட்பீர்கள். 1927-இல் வால்ட்டர் ரூட்மன் பெர்லினின் ஒரு நாளை விடியலிலிருந்து நள்ளிரவு வரை படமாக்கியபோது அவர் காட்டியது அன்றைய நகரத்தை. இரண்டாம் உலகப்போர் அந்த நகரத்தின் பெரும்பகுதியை இடித்துப் போட்டது. இல்லாமல் போன ஒரு நகரத்துக்குள் நடந்து போவதற்கான வழி இன்று அந்தப் படம்தான்.

இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரத்தில் மிட்செல், கென்யன் என்ற இருவர் 1900-களின் தொடக்கத்தில் ஆலை வாசலில் கேமராவை வைத்து, வேலை முடிந்து வருகிற கூட்டத்தை எடுத்தார்கள். தங்கள் முகத்தைத் திரையில் பார்க்க அவர்கள் சீட்டு வாங்கி வருவார்கள் என்பதுதான் எண்ணம். 1994-இல் ஒரு கடையின் நிலவறையில் இருந்த பீப்பாய்களிலிருந்து ஏறக்குறைய 800 நெகட்டிவ் சுருள்கள் கிடைத்தன. வரலாற்றை நினைத்தே பார்க்காமல் எடுத்த படங்கள்தான் அந்தத் தொழிலாளர்கள் எப்படி நடந்தார்கள், எப்படிச் சிரித்தார்கள் என்று இன்று நமக்குச் சொல்கின்றன.

ஆகவே பழைய சந்தை இடம் மாறப்போகிறது, ஒரு ஆலை மூடப்போகிறது, ஒரு குடியிருப்பு இடிக்கப்படப்போகிறது என்றால் வேறு எதையும் யோசிக்காமல் இதைத் தொடங்குங்கள். கேமராவை நிறுத்தி வைத்து நீண்ட காட்சிகளாக எடுங்கள், மூன்று நொடித் துண்டுகள் பின்னால் எதற்கும் உதவாது. ஒவ்வொரு கோப்பிலும் தேதி, தெரு, எந்தத் திசையைப் பார்த்து எடுத்தது என்று எழுதுங்கள். இதில் வருந்த வைப்பது, பலன் தாமதமாக வருவதுதான். இன்று பார்ப்பவருக்குத் தினமும் பார்க்கிற தெருதானே என்று தோன்றும். ஏன் இப்படி ஆனது என்பதை இந்த வழி விளக்காது. பொது இடத்தில் எடுக்க அனுமதி, முகம் தெரிகிறவர்களின் தனியுரிமை, குழந்தைகள் வந்தால் பெற்றோரின் சம்மதம் எல்லாமே நாடு பார்த்து மாறும்.

## நடித்துக் காட்டுவது

இதற்கு நான் எளிதில் சம்மதிப்பதில்லை. உடை, வண்டி, கட்டடம் எல்லாவற்றிலும் தவறு நுழையும். செலவு மற்ற மூன்றையும் தாண்டும். பார்ப்பவர் மனத்தில் உண்மையான மனிதரின் இடத்தில் நடிகரின் முகம் உட்கார்ந்துவிடும். சில ஆண்டுகள் கழித்து அந்தக் காட்சியை யாராவது வெட்டி எடுத்து உண்மையான பழைய படம் என்று போட்டுவிடுவார்கள். ‘இது நடிப்பு’ என்ற எழுத்து அந்தக் காட்சியிலேயே பதிந்திருக்க வேண்டும்.

பொருத்தமான இடம் ஒன்று உண்டு. படமும் இல்லை, சாட்சியும் உயிரோடு இல்லை, ஆனால் கடிதமோ நீதிமன்ற வாக்குமூலமோ எழுத்தில் கிடைக்கிறது என்றால், அந்த நகரத்தில் இன்று வாழ்கிறவர்களை அதைப் படிக்க வையுங்கள். உடை வேண்டாம், அரங்கம் வேண்டாம். 1871-இன் பாரிஸ் எழுச்சியைப் பற்றி பீட்டர் வாட்கின்ஸ் 2000-இல் முடித்த படத்தில் 200-க்கும் மேற்பட்டவர்கள் பங்கேற்றார்கள், பெரும்பாலோர் தொழில்முறை நடிகர்கள் அல்லர். இடம் ஒரு கைவிடப்பட்ட தொழிற்சாலை. நடிப்பு நடிப்பு என்றே தெரிந்தது, நடித்தவர்கள் தங்கள் இன்றைய கருத்தையும் பேசினார்கள். அந்த நேர்மை இருந்தால் எனக்கு மறுப்பு இல்லை.

## ஒரே பார்வையில்

| வழி | எட்டும் காலம் | தவறு நுழையும் வாசல் | மறைந்திருக்கும் செலவு | எப்போது இது |
|---|---|---|---|---|
| பழைய படமும் குரலும் | நூற்றாண்டுக்கு மேலும் | தவறான குறிப்பு, படமே எடுக்கப்படாத மக்கள் | உரிமை, அடையாளம் காணுதல் | நல்ல காப்பகம் இருக்கிறது, சாட்சிகள் இல்லை |
| நினைவு சொல்பவர்கள் | ஏறத்தாழ எழுபது, எண்பது ஆண்டுகள் | தேதிக் குழப்பம், பேசிப் பழகியவர்களே பேசுவது | எழுத்தாக்கம், சேமிப்பு, பல முறை போய் வருவது | முதியவர்கள் இருக்கிறார்கள் |
| இன்றைய நகரம் | இன்று | விளக்கம் இல்லாமை | அனுமதி, பலனுக்குக் காத்திருத்தல் | நகரம் மாறப்போகிறது |
| நடிப்பு | எந்தக் காலமும் | எல்லா வாசலும் | உடை, அரங்கம், ஆட்கள் | எழுத்துச் சாட்சி மட்டும் இருக்கிறது |

## ஒரு நீளப் படமா, பல சிறு படங்களா?

இதில் எனக்குச் சந்தேகம் இல்லை. முதல் முறை எடுக்கிற குழு சிறு படங்களாகவே எடுக்கட்டும். ஒரு தெரு, ஒரு தொழில், ஒரு வெள்ளம் என்று ஒவ்வொன்றும் பத்து நிமிடத்துக்குள். ஒன்றில் தவறு கண்டுபிடிக்கப்பட்டால் அதை மட்டும் திருத்தி மறுபடி வெளியிடலாம். பள்ளி வகுப்புக்கும் அருங்காட்சியக அறைக்கும் அதே அளவு பொருந்தும். முதல் படத்தைக் காட்டும் மாலையில் கூட்டத்திலிருந்து யாராவது எழுந்து ‘எங்கள் வீட்டிலும் படம் இருக்கிறது’ என்று சொல்வார்கள். இரண்டாவது படத்துக்கான பொருள் அங்கேதான் கிடைக்கும். ஒரு நகரம் பிறந்ததிலிருந்து இன்று வரை ஒரே படத்தில் சொல்லத் தொடங்கினால் ஒவ்வொரு நூற்றாண்டுக்கும் ஆறு நிமிடம்தான் வரும், எதையும் பக்கத்தில் போய்ப் பார்க்க முடியாது. நீளப் படம் தேவைப்படும் இடம், ஒரே நிகழ்ச்சியின் காரணங்கள் பல பக்கமிருந்து வந்து சேர்கிறபோது. ஆலை எப்படி மூடப்பட்டது என்பதைப் பத்து நிமிடத்தில் சொன்னால் யாரோ ஒருவர் மேல் பழி விழுந்துவிடும்.

## எல்லாவற்றையும் கலக்கலாமா?

கலக்கலாம், பெரும்பாலும் கலக்கத்தான் வேண்டியிருக்கும். எந்த வரிசையில் என்பதுதான் முக்கியம். முதலில் வயதானவர்களின் பேச்சு. படத்தின் வடிவம் முடிவாகவில்லை என்பதற்காக அதைத் தள்ளிப் போடாதீர்கள். கேமரா இல்லாவிட்டால் ஒலியை மட்டுமாவது பதிவு செய்யுங்கள். அடுத்து, மாறப்போகும் இடங்கள். அதற்கடுத்து நாடாக்களும் சுருள்களும். காகிதமும் புகைப்படமும் கடைசியில் வரலாம். இந்த வரிசையில் சேர்த்துக்கொண்டே போனால் எந்த வகைப் படம் எடுப்பது என்ற கேள்விக்குச் சேர்ந்த பொருளே வழி காட்டிவிடும். பெட்டியோடு வந்தவரும், முதியவர்களைத் தெரிந்தவரும், கேமரா வாங்கியவரும் சண்டை போடாமல் ஆளுக்கு ஒரு வேலையைத் தொடங்கிவிடலாம்.

படத்தில் சேர்வது எடுத்ததில் இருபதில் ஒரு பங்குகூட இருக்காது. மீதியை ஹார்டு டிஸ்க்கோடு அலமாரியில் போட்டுவிடாதீர்கள். எழுத்தாக்கம், ஒப்புதல் படிவம், தேதிக் குறிப்பு ஆகியவற்றோடு சேர்த்து நகர நூலகத்திடமோ காப்பகத்திடமோ ஒரு பிரதியை ஒப்படைத்து, ரசீது வாங்கிக்கொள்ளுங்கள். அந்தப் பாட்டி பேசியது இரண்டு மணி நேரம், படத்தில் வந்தது அந்தக் கை மட்டும். மீதி ஒரு மணி ஐம்பத்தொன்பது நிமிடத்தில் அவர் தம்பியைப் பற்றியும், வெள்ளம் வடிந்த பிறகு தெருவில் முதலில் கடை திறந்தவர் யார் என்பதைப் பற்றியும் சொல்லியிருக்கிறார். அதைக் கேட்க வேண்டியவர் இன்னும் வரவில்லை.